தரகர் கல்லறைக்கு அடித்த சுண்ணாம்பு

நான் நாலாங்கிளாஸ் வரை போனவன். "படித்தவன்" என்று சொல்லவில்லை, கவனியுங்கள். பள்ளிக்கூடம் இருந்தது, நானும் இருந்தேன், ஒருவரை ஒருவர் தொந்தரவு செய்துகொள்ளவில்லை. இதைக்கூட நான் சொல்லச் சொல்ல என் மகள்தான் எழுதுகிறாள். நான் "இன்னா" என்றால் அவள் "என்ன" என்று எழுதுகிறாள். கெட்ட வார்த்தை வரும் இடங்களில் பேனாவை மூடிவிடுகிறாள். அதனால் நான் பேசியதைவிட இது கொஞ்சம் குட்டையாகத்தான் இருக்கும்.

இப்படிப்பட்ட நான், இத்தாலி தேசத்தில் பல நூறு வருஷங்களுக்கு முன்னால் ஒருவர் எழுதிய கவிதையைப் பற்றிப் பேசப் போகிறேன். நரகம், அப்புறம் ஒரு மலை, அப்புறம் மோட்சம் என்று செத்தவர்களின் ஊர் ஊராகச் சுற்றி வருகிற கவிதை. அதைப் படித்தவர்கள் உலகத்தில் நிறையப் பேர் இருப்பார்கள். அதை வேனில் ஏற்றிக்கொண்டு ஒரகடம் ரோட்டில் சுற்றியவன் நான் ஒருத்தன்தான்.

அப்போது நான் சுங்குவார்சத்திரத்துப் பக்கத்திலிருந்து ஒரகடத்தில் ஒரு கம்பெனிக்கு ஷிப்ட் வேன் ஓட்டிக்கொண்டிருந்தேன். ஆட்களை இறக்கிவிட்டுத் திரும்பும்போது வண்டி காலி. எங்கள் ஊர் மாதா கோயிலுக்குப் புதிதாக ஒரு சாமியார் வந்திருந்தார். என்னைவிட வயதில் சின்னவர். ரோமில் படித்துவிட்டு வந்தவர். அவருக்கு ஆயர் மூன்று கோயில்களையும் ஒரு பைக்கையும் கொடுத்திருந்தார். செத்தவனை எழுப்பின ஆண்டவரே வந்து "எழுந்திரு" என்றாலும் எழுந்திருக்காத பைக். அதனால் ஒரகடம் பக்கத்துக் கோயிலில் பூசை வைத்துவிட்டு என் காலி வேனில் முன் சீட்டில் ஏறிக்கொள்வார். வெளியாட்களை வண்டியில் ஏற்றக் கூடாது என்பது கம்பெனி ரூல். எங்கும் நிறைந்திருக்கிறவரின் ஆள் எப்படி வெளியாள் ஆவார் என்று நான் கேட்டுக்கொண்டேன், எனக்குள்ளேயே.

"ரோம்ல இன்னா படிச்சீங்க சாமி?"

"இறையியல். கூடவே பழைய இத்தாலியக் கவிதை."

"கவிதைக்கு அவ்ளோ தூரம் போவணுமா? நம்ம ஆளுங்க ஆட்டோ பின்னாடியே எழுதிக்கினு போறானுங்களே."

அவர் சிரித்துவிட்டார். அதுதான் அவர் செய்த தப்பு. ஒருவர் சிரித்துவிட்டால் நான் விடமாட்டேன். அவரும் விடவில்லை. தினமும் கொஞ்சம் கொஞ்சமாக அந்தக் கவிதையைச் சொல்ல ஆரம்பித்தார்.

வாழ்க்கையில் பாதி வயது ஆன ஒருவர் காட்டில் வழி தவறிவிடுகிறார். நேராக மலை ஏறலாம் என்று பார்த்தால் குறுக்கே மிருகங்கள். அப்போது செத்துப்போன இன்னொரு கவிஞர் வந்து, நேராகப் போக முடியாது, கீழே இறங்கிச் சுற்றிக்கொண்டுதான் போக வேண்டும் என்கிறார்.

"டேக் டைவர்ஷன் போர்டு வச்சுட்டாங்க. நம்ம ரோடு மாதிரி," என்றேன்.

கீழே நரகம் புனல் மாதிரி இருக்கிறது. தளம் தளமாக இறங்குகிறது. ஒவ்வொரு தளத்துக்கும் ஒரு பாவம். தண்டனையை மேலே இருந்து யாரும் தனியாக அனுப்புவதில்லை. எந்தப் பாவம் செய்தானோ அதுவே தண்டனையாகத் திரும்பி வருகிறது. ஆசையின் காற்றில் அடித்துக்கொண்டு போனவர்களை அங்கேயும் காற்று அடித்துக்கொண்டே போகிறது. மூச்சு முட்டத் தின்றவர்கள் அழுக்கு மழையில் சேற்றில் கிடக்கிறார்கள். பெண் சபலம், சாப்பாடு எல்லாம் மேல் தளம், லேசான தண்டனை என்று கேட்டதும் எனக்குப் பாதி பாரம் இறங்கியது.

"ஜோக் அடிக்கிறவனுக்கு எந்த மாடி சாமி?"

"அது எப்படின்னா," என்றார், "நல்லதுக்கும் சேராம கெட்டதுக்கும் சேராம எல்லார் கூடவும் பல்லை இளிச்சுக்கிட்டு இருந்தவங்க சில பேர் இருக்காங்க. அவங்களை மோட்சத்துலயும் எடுக்கல, நரகத்துலயும் எடுக்கல. வாசல்லயே ஒரு கொடி பின்னாடி ஓடிக்கிட்டே இருக்கணும். குளவி கொட்டும்."

"எடுக்கவே மாட்டாங்களா? கான்ட்ராக்ட் லேபர் மாதிரியா?"

"அதைவிட மோசம்."

எனக்குச் சிரிப்பு வந்தது. ஆனால் கொஞ்சம் தள்ளித்தான் வந்தது.

கோபக்காரர்கள், கொலைகாரர்கள் எல்லாம் நடுத்தளங்கள். அதற்கும் கீழேதான் ஏமாற்றுக்காரர்கள் என்று சாமியார் சொன்னபோது நான் வண்டியை ஓரம் கட்டிவிட்டேன்.

"கொலைக்கும் கீழயா? எப்படி சாமி?"

"மிருகம்கூட கோவப்படும், கடிக்கும். ஏமாத்தறதுக்கு புத்தி வேணும். கடவுள் மனுசனுக்குன்னு தனியா குடுத்த ஒரே சாமான் அது. அதை வச்சே இன்னொருத்தனுக்குக் குழி தோண்டினா அது எல்லாத்துக்கும் கீழே. அதுலயும் உன்னை நம்பாதவனை ஏமாத்தறது ஒரு தளம். உன்னை நம்பினவனை ஏமாத்தறது கடைசி. அங்க நெருப்பே கிடையாது. ஐஸ். கழுத்து வரைக்கும் ஐஸ்ல பொதைஞ்சு கெடப்பாங்க."

"ஐஸா? மே மாசம் ஒரகடம் ஜங்ஷன்ல நின்னு இத சொல்லிப் பாருங்க சாமி, க்யூ கட்டி நிப்பானுங்க."

சொல்லிவிட்டேனே தவிர, அந்த ஐஸில் உட்கார வைக்க என்னிடம் ஒரு ஆள் தயாராக இருந்தார். எங்கள் ஊர்த் தரகர்.

கம்பெனிகள் வர ஆரம்பித்தபோது நிலம் கேட்டு வெளியூர்க்காரர்கள் நிறையப் பேர் வந்தார்கள். யாருக்கும் நாங்கள் தலையாட்டவில்லை. தரகர் கேட்டபோது தலையாட்டினோம். ஏனென்றால் அவர் எங்கள் ஊர், எங்கள் கோயில், எங்கள் கல்யாணங்களுக்குப் பந்தியில் பரிமாறினவர். வீட்டுக்கு ஒரு கம்பெனி வேலை நிச்சயம் என்று ஒவ்வொரு வாசலிலும் உட்கார்ந்து சொன்னார். மோர் வாங்கிக் குடித்துவிட்டுச் சொன்னார். நாங்கள் கைநாட்டும் கையெழுத்துமாகப் போட்டுக் கொடுத்தோம். அவருக்குக் கார் வந்தது. எங்களுக்கு வேலை வரவில்லை.

அதிகமாக இழந்தவர் என் தாய்மாமா. அவருடைய வேர்க்கடலைக் கொல்லை முழுவதும் போயிற்று. இப்போது அதே இடத்தில் நிற்கிற கம்பெனியில் அவர் செக்யூரிட்டி. தன் கொல்லைக்குள் போகிற ஒவ்வொரு காருக்கும் அவரே கம்பியைத் தூக்கி, அவரே சல்யூட் அடிக்க வேண்டும்.

தரகர் செத்தபோது யாரும் கூடிப் பேசவில்லை, ஆனால் ஊரில் ஒருவரும் போகவில்லை. பெட்டி தூக்க ஆள் இல்லை. ஆஸ்பத்திரி வண்டிக்காரர்களும் அவர் மருமகனும்தான் தூக்கினார்களாம். பழைய சாமியார் மந்திரித்துப் புதைத்தார். எந்த மூலையில் என்றுகூட யாரும் கேட்டுக்கொள்ளவில்லை.

"எங்க தரகர் ஐஸ்ல கரெக்டா எந்த எடத்துல இருப்பார் சாமி?"

"எனக்கு எப்படித் தெரியும்?"

"உங்க கவிஞருக்கு மட்டும் எப்படி தெரிஞ்சுது, ஆளாளுக்கு சீட் போட்டு வச்சிருக்காரே?"

"அவருக்கும் தெரியாதுதான். பாதி கோவம். அவரை அவர் ஊரை விட்டே துரத்திட்டாங்க. வீடு, சொத்து எல்லாம் போச்சு. சாகற வரைக்கும் திரும்பிப் போகவே முடியல. போப்பாண்டவரைக்கூட நரகத்துல போட்டிருக்கார்."

"போப்பையேவா? ஆளு செம தில்லு சாமி!"

அன்றிலிருந்து அந்தக் கவிஞர் மேல் எனக்கு மரியாதை வந்துவிட்டது. நிலம் போனவன் கோபம் எனக்குத் தெரியும். எங்கள் மாமாவுக்கு எழுத வந்திருந்தால் அவரும் ஒரு நரகம் கட்டியிருப்பார், இன்னும் இரண்டு தளம் கூட வைத்து.

ஆனால் மறுநாள் ஒரு கன்டெய்னர் லாரிக்குப் பின்னால் மாட்டிக்கொண்டு நிற்கும்போது சாமியார் இன்னொரு கதை சொன்னார். நரகத்தைத் தாண்டினால் வருகிற மலையின் அடிவாரத்தில் கவிஞர் ஒரு சிப்பாயைப் பார்க்கிறார். ஆயுசு பூரா பாவம் செய்த ஆள். சண்டையில் கழுத்தில் குத்துப்பட்டு ஓடி, ஆற்றோரம் விழும்போது மாதாவைக் கூப்பிட்டு ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டான். பிசாசு வந்து நிற்கிறது, இவன் என் ஆள் என்று. அதற்குள் சம்மனசு, அதான் தேவதூதர், வந்து தூக்கிக்கொண்டு போய்விடுகிறது. ஒரு சொட்டுக் கண்ணீருக்காகவா என்று பிசாசு கத்துகிறது. ஆத்திரத்தில் மழையைக் கிளப்பி, உடம்பை ஆற்றில் அடித்துக்கொண்டு போக வைக்கிறது. அவன் புதைந்த இடம் யாருக்கும் தெரியாது.

"பிசாசு கேட்டதுல இன்னா தப்பு?" என்றேன். எனக்கு நிஜமாகவே கோபம். "வண்டி கெளம்பும்போது ஓடியாந்து ஏறினவனுக்கும் சீட்டா? அப்ப மொதல்லருந்து க்யூல நின்னவன் கேணயனா?"

"சீட் கிடைக்கல. அடிவாரத்துல நிக்கறான். எவ்ளோ காலம் தள்ளிப் போட்டானோ அவ்ளோ காலம் காத்துக் கிடக்கணும். உயிரோட இருக்கறவங்க அவனுக்காக வேண்டிக்கிட்டா சீக்கிரம் ஏறலாம்."

"மேலயும் சிபாரிசா!"

"சிபாரிசுதான். ஆனா அவனுக்கு யாருமில்ல. பொண்டாட்டிகூட வேண்டிக்கல. தலையைத் தொங்கப் போட்டுக்கிட்டு நடக்கறான்." லாரி நகர்ந்தது. சாமியார் வெளியே பார்த்துக்கொண்டே சொன்னார்: "அந்தச் சிப்பாய் எதிர்க்கட்சிக்காரன். அதே சண்டையில கவிஞர் இந்தப் பக்கம் நின்னு சண்டை போட்டவர்."

அந்த மலைதான் உத்தரிக்கிற ஸ்தலமாம். அந்தப் பேரைச் சின்ன வயதிலிருந்து கேட்டிருக்கிறேன். சாவுக்கும் மோட்சத்துக்கும் நடுவில் ஒரு பஸ் ஸ்டாண்டு என்றுதான் நினைத்திருந்தேன். அங்கே எதிராளிக்கு எதிராளி இடம் பிடித்துக் கொடுப்பான் என்று யாரும் எனக்குச் சொன்னதில்லை. வல்லக்கோட்டை தாண்டும்வரை நான் ஒரு ஜோக்கும் சொல்லவில்லை. சாமியார் எனக்கு உடம்பு சரியில்லையா என்று கேட்டார்.

அந்த நவம்பரில் கல்லறைத் திருநாள் வந்தது. எங்கள் ஆட்கள் அன்றைக்கு அவரவர் வீட்டுக் கல்லறையைச் சுத்தம் செய்து, சுண்ணாம்பு அடித்து, பூ போட்டு, மெழுகுவத்தி ஏற்றுவோம். சாயந்திரம் கல்லறைத் தோட்டத்திலேயே பூசை. என் வேனில் வருகிற ஒரு பெண் முந்தின நாள் என்னிடம் வந்து நின்றாள். தூத்துக்குடிப் பக்கத்துப் பெண். புருஷனும் பெண்டாட்டியும் இங்கே வேலைக்கு வந்தவர்கள். அவன் ஹைவேயில் அடிபட்டு இறந்தபோது ஊருக்கு எடுத்துப் போக வழியில்லாமல் எங்கள் தோட்டத்தில் இடம் கொடுத்தோம்.

"அண்ணாச்சி, நாளைக்கு எனக்கு லீவு தரமாட்டேன்னுட்டாவ. எங்க வீட்டுக்காரர் கல்லறைய மட்டும் கொஞ்சம் சுத்தம் பண்ணி வெள்ளையடிச்சு வச்சிருவீயளா? ஷிப்ட் முடிச்சு நேரா வந்துருதேன்."

"எந்த எடம்மா?"

"வேலியோரம் மூலையில. முள்ளு மூடிக் கெடக்கும். மத்ததெல்லாம் ஊர்க்காரங்களோடது, பாக்க ஆளு இருக்குல்லா? அது ஒண்ணுதான் அநாதையாக் கெடக்கும்."

மறுநாள் காலை ஷிப்டை இறக்கிவிட்டு நேராகப் போனேன். வேலியோரம் மூலையில் முள் மூடிய கல்லறை. எந்தச் சந்தேகமும் இல்லை. எனக்கு வேலை செய்யத் தெரியாது என்று யாரும் சொல்ல முடியாது. முள்ளை வெட்டினேன். சாய்ந்த சிலுவையை நிமிர்த்திக் கல் வைத்து இறுக்கினேன். சுண்ணாம்பில் நீலம் கலந்து இரண்டு கோட்டிங் அடித்தேன். சாமந்தி மாலை போட்டேன். சிலுவையில் துருப்பிடித்த தகரம் ஒன்றை ஆணி அடித்து மாட்டியிருந்தது. மண்ணெண்ணெய் ஊற்றித் தேய்த்துத் தேய்த்து, எழுத்தெல்லாம் கண்ணாடி மாதிரி தெரிகிற அளவுக்குச் செய்துவிட்டேன். யாருக்குப் படிக்கத் தெரிந்ததோ, எனக்குத் தெரியவில்லை.

மாமா செக்யூரிட்டி யூனிபார்மோடு அவர் அம்மா கல்லறைக்கு வந்தவர், என் வேலையைப் பார்த்து நின்றார்.

"இன்னா மாமா, எப்படி கீது? நீ செத்தா உனக்கும் இதே மாதிரி பண்ணித் தரேன், கவலப்படாத."

"டேய் மாப்ள, இது யார்து தெரியுமா?"

"நம்ம வேன்ல வர தூத்துக்குடி பொண்ணோட வூட்டுக்காரரு."

"தகரத்துல இன்னா எழுதிக்கீது, படி."

"காலங்காத்தால மானத்த வாங்காத மாமா."

மாமா படித்தார். தரகரின் பேர், அவர் அப்பா பேர், ஊர்ப் பேர். பிரஷ் என் கையிலிருந்து வாளிக்குள் விழுந்தது. அந்தப் பெண் தன் புருஷனுடையது ஒன்றுதான் அநாதை என்று நினைத்திருக்கிறாள். தோட்டத்தில் இரண்டு அநாதைகள் இருந்திருக்கின்றன, மூலைக்கு ஒன்று.

"உங்கம்மா கல்லறைக்கே நீ இன்னும் சுண்ணாம்பு அடிக்கல. இந்த நாய்க்கு அடிச்சு மாலை வேற போட்டுக்கினு கீறியாடா?"

"எனக்கு எப்படி மாமா தெரியும்? பொதைக்க சொல்ல நம்மள்ல ஒருத்தனாவது வந்திருந்தா எடம் தெரிஞ்சிருக்கும்."

ஜோக்காகத்தான் சொன்னேன். யாரும் சிரிக்கவில்லை. அதற்குள் நாலைந்து பேர் கூடிவிட்டார்கள். "வுடுண்ணா, அவன் காமெடி பண்றான்," என்றான் ஒருவன். "அந்தாளக் கலாய்க்கிறதுக்கு மாலை போட்டுக்கிறான்." அது எனக்கு நல்ல வழி. ஆமாம் என்று சொல்லியிருந்தால் எல்லாரும் சிரித்துவிட்டுப் போயிருப்பார்கள். மாமா தண்ணீர் வாளியைத் தூக்கினார், சுண்ணாம்பைக் கழுவிவிட.

அப்போதுதான் தரகரின் மகள் வந்தாள். குன்றத்தூரில் கட்டிக்கொடுத்திருந்தார்கள். கூட்டம் சேருவதற்கு முன்னால் வந்து, முள்ளை வெட்டி, ஒரு மெழுகுவத்தி வைத்துவிட்டு, சாயந்திரப் பூசை வரை ஒதுங்கிக்கொள்வாள் போல. கையில் அரிவாள் இருந்தது. எங்களைப் பார்க்கவே இல்லை. கல்லறையைப் பார்த்தாள். பக்கத்தில் போய் உட்கார்ந்து உள்ளங்கையை வைத்தாள். சுண்ணாம்பு ஈரம், கை பதிந்துவிட்டது. மாமா வாளியைக் கீழே வைத்தார்.

"யாரு பண்ணது இது?"

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

"நீயாண்ணா?" என்றாள். அப்படி ஒரு முகத்தை நான் அதற்கு முன்னால் பார்த்ததில்லை. சும்மா தலையாட்டியிருந்தாலே போதும். பொய் சொல்லி நாலு பேரைச் சிரிக்க வைப்பதுதான் என் பிழைப்பு. ஆனால் அவள் என்னை நம்பிக் கேட்டாள். நம்பினவர்களை ஏமாற்றுவதற்கு எந்த இடம் என்று எனக்குத் தினமும் முன் சீட்டில் பாடம் நடந்திருக்கிறது.

"நான்தாம்மா. ஆனா உங்கப்பாவுக்குன்னு பண்ணல. வேற ஒருத்தருக்குன்னு வந்து எடம் மாறிப்போச்சு. கூரியர்காரன் பக்கத்து வூட்டுல பார்சலக் குடுத்துட்டுப் போவான் பாரு, அந்தக் கணக்கு."

அழுவாள் என்று நினைத்தேன். அவள் மூக்கால் சிரித்தாள்.

"எங்கப்பாவுக்கு இந்த ஊர்லருந்து வந்த மொதப் பார்சல்," என்றாள். அப்புறம் மாமாவைப் பார்த்தே கேட்டாள்: "இன்னிக்கு பூசையில அவரு பேர நான் சொல்லுவேன் மாமா. ஒரே ஒரு தபா பதில் சொல்லுங்க."

எங்கள் பூசையில் கடைசியில் ஒரு வழக்கம் உண்டு. அவரவர் வீட்டில் இறந்தவர்கள் பேரை எழுந்து நின்று சத்தமாகச் சொல்ல வேண்டும். ஒவ்வொரு பேருக்கும் கூட்டம் முழுவதும் ஒரே குரலில் "கேட்டருளும்" என்று பதில் சொல்லும். போன வருஷம் இவள் எழுந்து அப்பா பேரைச் சொன்னாள். ஒருவர் வாயும் திறக்கவில்லை. அந்த அமைதியில் அவள் தனியாக நின்றது எனக்கு ஞாபகம் இருந்தது.

"வூட்டுல நான் தனியா எவ்ளோ வேண்டினாலும் அது என் வாய்தான?" என்றாள். "அவரு ஏமாத்தினவங்க வாயால ஒரு தபா வந்தாதான் அவருக்கு வழி."

"வராது," என்றார் மாமா. "இந்த வருஷமும் வராது."

எனக்கு அந்தச் சிப்பாய் ஞாபகம் வந்துவிட்டான். கேட்கக் கூடாத கேள்வி என்று தெரிந்தும் கேட்டேன். "கடைசில அழுதாரா உங்கப்பா?"

"அழல. ஜொரம். யாரையும் அடையாளம் தெரியல. ஆனா எந்த வூட்டுக்கு இன்னா வேலை சொன்னாரோ, அத ஒவ்வொண்ணா சொல்லிக்கினே இருந்தாரு. முடிஞ்சதும் திரும்ப மொதல்லருந்து. உங்க வூட்டுக்கு டிரைவர் வேலைண்ணா. மாமா வூட்டுக்கு ரெண்டு, பெரியவனுக்கு ஆபீஸ்ல, சின்னவனுக்கு மிஷின்ல."

"ஞாபகம் இருந்துச்சா அந்தாளுக்கு," என்றார் மாமா. அப்படியே தன் அம்மா கல்லறைக்குப் போய்விட்டார். வாளியை எடுக்கவில்லை.

மத்தியானம் சாமியாரைத் தேடிப் பிடித்துக் கேட்டேன். "சாமி, கண்ணீர் வரல. ஆனா செஞ்ச தப்ப வரிசையா ஒப்பிச்சுக்கினே செத்திருக்காரு. அது கண்ணீர்ல சேருமா?"

"தெரியாது."

"அப்ப ரோம்ல உங்களுக்கு இன்னாதான் சொல்லிக் குடுத்தாங்க?"

"தெரியாததைத் தெரியாதுன்னு சொல்ல," என்றார்.

ஷிப்ட் முடிந்து தூத்துக்குடிப் பெண் வந்தாள். அவளுக்கு நடந்ததைச் சொன்னேன். திட்டு எனக்குப் புரியாத வேகத்தில் வந்தது, ஆனால் திட்டு என்று புரிந்தது.

"ஏ அண்ணாச்சி, ஒரு வேல சொன்னா அத ஒழுங்காச் செய்ய மாட்டீயளா? அவரு அங்க முள்ளுக்குள்ள கெடக்காரு, நீங்க யாருக்கோ மாலை போட்டுக்கிட்டு நிக்கீய!"

தரகர் மகள் அரிவாளை எடுத்துக்கொண்டு அடுத்த மூலைக்கு நடந்தாள். இரண்டு பெண்களும் சேர்ந்து வெட்டினார்கள். மிச்சச் சுண்ணாம்பை நான் சுமந்துகொண்டு போனேன். தூறல் போட்டதால் சரியாக ஒட்டவில்லை. பரவாயில்லை அண்ணாச்சி, வெள்ளையா தெரியுதுல்லா, என்றாள் அவள். கோபம் அதற்குள் போயிருந்தது. இவர்கள் இருவரும் என்ன பேசிக்கொண்டார்கள் என்று எனக்குத் தெரியாது. என்னைத் தண்ணீர் எடுத்துவர அனுப்பிவிட்டார்கள்.

சாயந்திரம் பூசை. மெழுகுவத்திகள் தூறலில் அணைய அணைய ஏற்றிக்கொண்டிருந்தார்கள். பேர்கள் சொல்லும் நேரம் வந்தது. ஒருவர் எழுந்து பேர் சொல்வார், பதில். அடுத்தவர், பதில். எங்கள் கூட்டத்தில் பதிலைத் தொடங்குவது எப்போதும் என் மாமாதான். அவர் குரல் தகர ஷெட்டில் லாரி ஹாரன் அடித்த மாதிரி இருக்கும். அவர் எடுத்துக் கொடுக்க, எல்லாரும் பிடித்துக்கொள்வார்கள். பாதிப் பேர் யார் பேர் என்றுகூடக் கேட்பதில்லை. பேர் விழும், வாய் திறக்கும். கம்பெனி லைனில் பெல்ட்டில் சாமான் வர வரக் கை தானாகப் போகிற மாதிரி.

தரகர் மகள் ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். எழுந்திருக்க முடியாமல் முந்தானையைப் பிடித்துக்கொண்டிருந்தது தெரிந்தது. இன்னொரு தடவை அந்த அமைதியில் அவள் நின்றால் அடுத்த வருஷம் வரமாட்டாள்.

நான் எழுந்தேன். என் அம்மா பேரைச் சொன்னேன். என் அம்மாவை ஊரில் பிடிக்காதவர் கிடையாது. என்னைப் பெற்றதைத் தவிர வேறு ஒரு தப்பும் செய்யாதவர். மாமாவுக்குக் கூடப்பிறந்த அக்கா வேறு. பதில் தோட்டமே அதிருகிற மாதிரி வந்தது. அது அடங்குவதற்குள், அதே மூச்சில், அதே குரலில், தரகர் பேரைச் சொன்னேன்.

"கேட்டருளும்!"

மாமாதான் முதலில். லாரி ஹாரன். அவர் பின்னால் ஊரே. வாய் முந்திக்கொண்டது. புத்தி அப்புறம்தான் மூச்சிரைக்க வந்து சேர்ந்தது. நான் உட்கார்ந்த பிறகு, தோட்டத்தில் மழைச் சத்தம் மட்டும் இருந்தது. மாமா வாயைத் திறந்தபடியே நின்றார். சாமியார் தலையைக் குனிந்துகொண்டார். பக்தி என்று மற்றவர்கள் நினைத்திருப்பார்கள். தோள் குலுங்கியது எனக்குத் தெரிந்தது.

பூசை முடிந்ததும் மாமா நேராக அவரிடம் போனார். நானும் ஒரு அடி தள்ளிப் போனேன், அடி விழாத தூரத்தில்.

"சாமி, அத வாபஸ் வாங்கணும்."

"எதை?"

"அந்த மன்றாட்ட. இவன் ஏமாத்திட்டான். நான் மனசார சொல்லல."

"போனது போனதுதான். திருப்பிக் கூப்பிட எனக்கு அதிகாரம் இல்லை," என்றார் சாமியார். என் பக்கம் திரும்பி, "ஏமாத்தினது தப்பு. பாவசங்கீர்த்தனத்துக்கு வந்து பாவத்தைச் சொல்லு," என்றார்.

"வரேன் சாமி. ஆனா செஞ்சதுக்கு வருத்தப்படணுமே, அந்த மனஸ்தாபம் மட்டும் வராது, முன்னாடியே சொல்லிட்டேன்."

மாமா என்னை அடிக்கக் கை ஓங்கினார். அதற்குள் தரகர் மகள் வந்து அவர் எதிரில் நின்றுவிட்டாள். நன்றி என்று சொல்லவில்லை. கண்ணெல்லாம் சிவந்திருந்தது. "வரேன் மாமா," என்றாள்.

மாமா ஓங்கின கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் யூனிபார்ம் தொப்பியைச் சரி செய்தார். "அடுத்த வருசம் மறுபடியும் இந்த வேலை காட்டினா நடக்காது," என்றார், அவளிடமா என்னிடமா என்று தெரியாத திசையில்.

"அடுத்த வருசம் நானே சொல்றேன்," என்றாள் அவள்.

அடுத்த வருஷம் அவளே வந்தாள், எல்லாரோடும் சேர்ந்து, பட்டப்பகலில். சாயந்திரம் எழுந்து அப்பா பேரைத் தெளிவாகச் சொன்னாள். இந்தத் தடவை ஊர் உஷாராக இருந்தது. மாமா உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு எதிரில் இருந்த வேலியைப் பார்த்தார். தூத்துக்குடிப் பெண் "கேட்டருளும்" சொன்னாள். நான் சொன்னேன். அங்கே இங்கே சில குரல்கள். மாமாவுக்குப் பக்கத்தில் நின்ற அத்தையும் சொன்னாள், மெதுவாக, ஆனால் முழுசாக. மாமா திரும்பி அவளை ஒரு பார்வை பார்த்தார். வாயை மூடு என்று சொல்லவில்லை.